மாட்டுக் கொத்துக்கறியும் அரிசியும்: மினசோட்டா ஹாட்டிஷ் செய்யக் கற்றுக்கொள்ளுங்கள்

அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் குளிர்காலம் சுலபத்தில் விடைபெறாது. நவம்பரில் வந்து உட்கார்ந்த பனி சில ஆண்டுகளில் ஏப்ரலிலும் வாசலில் கிடக்கும். மாலை ஐந்து மணிக்கே இருட்டிவிடும் அந்த நாட்களில் வீட்டில் எல்லோருக்கும் சூடாக, வயிறு நிறைய ஏதாவது வேண்டும். சமைப்பவர் அடுப்படியிலேயே நின்றுகொண்டிருக்கவும் கூடாது. இறைச்சி, அரிசியோ உருளைக்கிழங்கோ நூடுல்ஸோ ஏதாவது ஒன்று, கொஞ்சம் காய்கறி, இவற்றைச் சேர்த்துப் பிடிக்கக் கெட்டியான ஒரு சாறு. எல்லாவற்றையும் ஒரே பாத்திரத்தில் போட்டு ஓவனில் தள்ளிவிட்டால் அதுதான் ஹாட்டிஷ். அமெரிக்காவின் பிற பகுதிகளில் இதையே கேசரோல் என்பார்கள்.

மினசோட்டாவின் மன்காட்டோ நகரத்து கிரேஸ் லூத்தரன் தேவாலயப் பெண்கள் 1930இல் வெளியிட்ட சமையல் புத்தகத்தில்தான் இந்தப் பெயருடன் ஒரு குறிப்பு முதலில் அச்சேறியதாகச் சொல்வார்கள். அதில் கொத்துக்கறி, செலரி, டின் பட்டாணி, தக்காளி சூப், மக்ரோனி எல்லாம் உண்டு. 1934இல் கேம்ப்பெல் நிறுவனம் கிரீம் ஆஃப் மஷ்ரூம் சூப்பை டின்னில் அடைத்து விற்கத் தொடங்கியது. அதன்பிறகு அந்த வட்டாரத்து ஹாட்டிஷ் பெரும்பாலும் அந்த டின்னைத் திறப்பதிலிருந்தே ஆரம்பித்தது. தேவாலயத்து அடித்தள விருந்துகளில் அது இல்லாத பாத்திரமே இருக்காது என்பதால் அந்தச் சூப்புக்கு ‘லூத்தரன் பசை’ என்று கேலிப்பெயரும் கிடைத்தது. பிற்பாடு செனட்டர் அல் ஃப்ராங்கன் 2011இல் தம் மாநிலத்து நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு வாஷிங்டனில் ஹாட்டிஷ் போட்டியே நடத்தினார். கட்சிச் சண்டையை மறந்து கரண்டி பிடிக்கவைக்கும் அளவுக்கு இந்த உணவின்மேல் அந்த ஊருக்குப் பற்று.

இங்கே நான் சொல்லப்போவது அரிசியும் மாட்டுக் கொத்துக்கறியும் சேர்ந்த வகை. ஓவனையே இதுவரை தொடாதவரும் செய்யலாம். தொடங்கும் முன் ஒரு வேண்டுகோள். முதல் முறை செய்யும்போது கரம் மசாலா டப்பாவையும் மிளகாய்த்தூள் டப்பாவையும் அலமாரியிலேயே விட்டுவிடுங்கள். இந்த உணவின் ருசி காரத்தில் இல்லை. நன்றாகப் பழுப்பேறிய கறியிலும், அந்தக் கறியின் சாற்றைக் குடித்து வெந்த அரிசியிலும் இருக்கிறது. அதை ஒருமுறை உள்ளபடியே சாப்பிட்டுப் பார்த்துவிட்டு, அடுத்த முறை உங்கள் கைவரிசையைக் காட்டுங்கள். ‘பிரியாணி மாதிரி செய்துவிடலாமே’ என்று முதல் நாளே இறங்குகிறவர்களுக்குக் கிடைப்பது பிரியாணியும் இல்லை, ஹாட்டிஷும் இல்லை.

வாங்க வேண்டியவை

ஆறிலிருந்து எட்டுப் பேர் சாப்பிடலாம். பாத்திரம் 9-க்கு 13 அங்குலம், ஆழம் 2 அங்குலம். அமெரிக்கக் கடைகளில் கேசரோல் பாத்திரம் என்று கேட்டால் இந்த அளவைத்தான் எடுத்துத் தருவார்கள்.

மாட்டுக் கொத்துக்கறி – ஒன்றரை பவுண்டு (680 கிராம்)
நீள வெள்ளை அரிசி – ஒன்றரை கப் (360 மில்லி லிட்டர் அளவு)
பெரிய வெங்காயம் – 1
செலரித் தண்டு – 2
குடைமிளகாய் – 1
பூண்டு – 3 பல்
கிரீம் ஆஃப் மஷ்ரூம் சூப் – 10.5 அவுன்ஸ் டின் ஒன்று
நறுக்கிய தக்காளி – 14.5 அவுன்ஸ் டின் ஒன்று, சாற்றோடு
உப்புக் குறைந்த பீஃப் பிராத் எனும் மாட்டிறைச்சிச் சாறு – இரண்டரை கப் (600 மில்லி லிட்டர்)
வூஸ்டர்ஷயர் சாஸ் – 1 மேசைக்கரண்டி
பாப்ரிகா – 1 தேக்கரண்டி
மிளகுத்தூள் – அரை தேக்கரண்டி
உலர்ந்த தைம் இலை – அரை தேக்கரண்டி
உறைந்த பச்சைப் பட்டாணி – 1 கப்
செடார் சீஸ் – 6 அவுன்ஸ் (170 கிராம்)
உப்பு – அரை தேக்கரண்டியில் தொடங்குங்கள்

உப்பை இவ்வளவு தயங்கித் தயங்கிச் சொல்வதற்குக் காரணம் உண்டு. டின் சூப்பில் உப்பு இருக்கிறது, பிராத்தில் இருக்கிறது, சீஸில் இருக்கிறது, வூஸ்டர்ஷயர் சாஸிலும் இருக்கிறது. வழக்கமான கைப்பழக்கத்தில் ஒரு கரண்டி அள்ளிப் போட்டால் வாயில் வைக்க முடியாது. பெட்டியில் வரும் பிராத்துக்குப் பதிலாகப் பிராத் கட்டியைத் தண்ணீரில் கரைத்து ஊற்றுகிறீர்கள் என்றால் தனியாக உப்பே போட வேண்டாம்.

கறியைத் தேர்ந்தெடுப்பது

அமெரிக்கக் கடையில் கொத்துக்கறிப் பொட்டலத்தின்மேல் 80/20, 85/15, 93/7 என்று எண்கள் அச்சிட்டிருக்கும். முதல் எண் கொழுப்பில்லாத சதையின் விழுக்காடு, இரண்டாவது கொழுப்பின் விழுக்காடு. இந்த உணவுக்கு 85/15 பொருத்தம். 80/20 விலை குறைவு, ருசியும் அதிகம். ஆனால் வடிக்க வேண்டிய கொழுப்பும் அதிகம். 93/7 வாங்கினால் கறி மரத்தூள் மாதிரி வறண்டு போகும். உடம்புக்கு நல்லது என்று அதை வாங்கிவிட்டுப் பிறகு மேலே சீஸைக் குவிப்பவர்களை என்ன சொல்வது!

பொட்டலத்தின் மேற்பக்கம் சிவப்பாகவும் நடுப்பகுதி சாம்பல் பழுப்பாகவும் இருந்தால் கடைக்காரர் ஏமாற்றிவிட்டதாக நினைக்க வேண்டாம். காற்றுப் படும் இடத்தில் இறைச்சி சிவக்கும், படாத இடத்தில் நிறம் மங்கும். கெட்டுப்போனதற்கு அடையாளம் புளித்த நாற்றமும் பிசுபிசுப்பும்தான். வாங்கிய கொத்துக்கறியை ஃபிரிட்ஜில் இரண்டு நாளுக்கு மேல் வைக்காதீர்கள்; அதற்குள் சமைக்க முடியாதென்றால் உறையவைத்துவிடுங்கள்.

நம் வீடுகளில் இறைச்சி எதுவானாலும் மஞ்சள் போட்டு இரண்டு மூன்று தண்ணீரில் கழுவுவோம். கொத்துக்கறியில் அந்தப் பழக்கத்தை விட்டுவிட வேண்டும். கழுவினால் ருசி தண்ணீரோடு போகும், ஈரம் ஏறிய கறி வாணலியில் வறுபடாது, கிருமியும் சாகாது. தொட்டி முழுவதும் தெறிப்பதுதான் மிச்சம். கிருமியைக் கொல்வது சூடு மட்டுமே. துண்டுக்கறியில் கிருமி பெரும்பாலும் மேற்புறத்தில்தான் இருக்கும். அரைக்கும்போது மேற்புறமே உட்புறமாகிவிடுவதால், கொத்துக்கறி உள்ளே வரை பாரன்ஹீட் 160 டிகிரியை, அதாவது செல்சியஸ் 71 டிகிரியை, எட்ட வேண்டும் என்கிறது அமெரிக்க வேளாண் துறை. கறி பச்சையாக இருந்தபோது தொட்ட கரண்டி, பலகை, கை மூன்றையும் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு அடுத்த வேலைக்குப் போங்கள்.

அரிசியும் அளவும்

புதியவர்கள் தடுமாறுவது பெரும்பாலும் இங்கேதான், அதிலும் கப்பில்தான். அமெரிக்கக் குறிப்புகளில் கப் என்றால் ஏறத்தாழ 240 மில்லி லிட்டர். ரைஸ் குக்கரோடு பெட்டியில் வரும் பிளாஸ்டிக் கப் 180 மில்லி லிட்டர். அரிசியைக் குக்கர் கப்பாலும் பிராத்தை அமெரிக்கக் கப்பாலும் அளந்தால் கிடைப்பது கஞ்சி. உங்களிடம் குக்கர் கப் மட்டும்தான் இருக்கிறது என்றால் அரிசி தலைதட்டி இரண்டு கப்; அது 360 மில்லி லிட்டருக்குச் சரியாக வந்துவிடும். பிராத்தை அதே கப்பில் மூன்றும் கால் கப்புக்குச் சற்று அதிகமாக அளக்க வேண்டும்.

அரிசி வகை எதுவாக இருக்க வேண்டும்? அமெரிக்காவில் அரிசி விளைச்சலில் முதலிடம் ஆர்கன்சாஸ் மாநிலத்துக்கு. அங்கிருந்து வரும் சாதாரண நீள வெள்ளை அரிசி போதும். அதைவிட நல்லது, நீள அரிசியிலேயே பார்பாயில்டு என்று எழுதியிருப்பது. நம் ஊர்ப் புழுங்கலரிசிக்குச் செய்யும் அதே வேலையை அதற்கும் செய்திருப்பார்கள். நெல்லாக இருக்கும்போதே ஊறவைத்து ஆவியில் வேகவைத்துக் காயவைத்தது. அது குழையாது, நேரம் சற்றுக் கூடினாலும் பொறுத்துக்கொள்ளும். முதல் தடவை செய்பவருக்கு அந்தப் பொறுமை பெரிய உதவி. வேகும் நேரம் மட்டும் ஐந்து பத்து நிமிடம் கூடும்.

பாசுமதியில் செய்யலாம், பிராத்தைக் கால் கப் குறைத்துக்கொள்ளுங்கள். சோனா மசூரி வேண்டாம், இவ்வளவு நேரம் ஓவனில் நின்றால் அடையாளம் தெரியாமல் போய்விடும். பழுப்பரிசி இதே நேரத்தில் வேகாது. இன்ஸ்டன்ட் என்று எழுதிய அரிசி முன்பே வெந்து உலர்த்தியது. அதை இந்தக் குறிப்பில் போட்டால் களியாகும்.

மினசோட்டாவில் பேர்போன ஒன்று உண்டு: வைல்டு ரைஸ். ஏரிகளில் நீருக்குமேல் வளர்ந்து நிற்கும் ஒருவகைப் புல்லின் விதை அது. நாம் உண்ணும் நெல்லின் இனமே வேறு. அங்குள்ள பூர்வகுடிகளான ஒஜிப்வே மக்கள் அதை மனோமின் என்பார்கள். படகில் போய்க் கதிரை வளைத்துக் குச்சியால் தட்டி விதையைப் படகுக்குள் உதிர்த்து அறுவடை செய்வது அவர்கள் மரபு. கருப்பாக, நீளமாக இருக்கும், கொட்டை வாசனை வரும். ஊர்க்காரர்கள் அதிலும் இதே ஹாட்டிஷ் செய்கிறார்கள். ஆனால் அது வேக 45 நிமிடத்திலிருந்து ஒரு மணி நேரம் எடுக்கும் என்பதால் தனியாக வேகவைத்து வடித்துவிட்டே சேர்க்க வேண்டும். அப்போது பிராத் அரை கப் போதும், தக்காளி வேண்டாம். வெள்ளை அரிசியில் கை பழகிய பிறகு இதைச் செய்து பாருங்கள். எனக்கு இரண்டில் இதுதான் பிடிக்கும்.

கடை அரிசியைக் கழுவுவதா வேண்டாமா? அமெரிக்க வெள்ளை அரிசியில் பெரும்பாலும் வைட்டமினும் இரும்புச்சத்தும் மேலே தூவிச் சேர்த்திருப்பார்கள். கழுவினால் அது போய்விடும். மனம் கேட்கவில்லை என்றால் கழுவுங்கள். ஆனால் வடிதட்டில் பத்து நிமிடமாவது வைத்து நன்றாக வடியவிடுங்கள், ஒட்டியிருக்கும் தண்ணீரும் கணக்கில் சேரும். ஊறவைக்கவே கூடாது.

அடுப்பின் மேல்

ஓவனை முதலில் பாரன்ஹீட் 375 டிகிரியில், அதாவது செல்சியஸ் 190 டிகிரியில், வையுங்கள். உள்ளே விசிறி சுழலும் ஓவன் என்றால் பாரன்ஹீட் 350 டிகிரி போதும். கம்பித்தட்டு நடுவரிசையில் இருக்கட்டும். சூடேறக் கால்மணி நேரமாவது ஆகும். சிறிய ஓவன் மணியடித்துவிட்டாலும் இன்னும் ஐந்து நிமிடம் விடுங்கள்.

அகன்ற வாணலியை நடுத்தரத்துக்கு மேலான தீயில் நன்றாகக் காயவிடுங்கள். எண்ணெய் தேவையில்லை, கறியிலேயே இருக்கிறது. கறியில் பாதியைப் போட்டுப் பரப்பி, பிறகு கையைக் கட்டிக்கொண்டு நில்லுங்கள். மூன்று நான்கு நிமிடம் கிளறவே கூடாது. நம் கை சும்மா இருக்காது, வாணலியைப் பார்த்தால் கிளறத் தோன்றும். கிளறிக்கொண்டே இருந்தால் கறி தண்ணீர்விட்டு அந்தத் தண்ணீரிலேயே வெந்து சாம்பல் நிறமாகும். அடிப்புறம் காபி நிறத்துக்கு வந்த பிறகுதான் மரக்கரண்டியால் புரட்டி உடைக்க வேண்டும். மொத்தக் கறியையும் ஒரேயடியாகப் போடாமல் பாதியாகப் போடச் சொன்னதும் இதற்காகத்தான். வாணலி நெரிசலானால் ஆவி வெளியேற வழியிருக்காது.

கட்டிகளைப் பட்டாணி அளவுக்கு உடைத்தால் போதும். முற்றிலும் பொடியாக்க வேண்டாம், சாப்பிடும்போது கறி பல்லில் அகப்பட வேண்டும். இரண்டு பகுதியையும் வறுத்துத் தட்டில் எடுத்துவைத்துவிட்டு, வாணலியில் நிற்கும் கொழுப்பில் ஒரு மேசைக்கரண்டி மட்டும் வைத்துக்கொண்டு மிச்சத்தைப் பழைய டின் ஒன்றில் ஊற்றுங்கள். பாத்திரம் கழுவும் தொட்டியில் ஊற்றாதீர்கள். சூட்டில் திரவமாகப் போகும் கொழுப்பு குழாய்க்குள் போய்க் கல்லாக உறைந்துகொள்ளும். பிளம்பருக்குத் தரும் கூலியில் பத்துத் தடவை கறி வாங்கலாம். டின்னில் உறைந்ததைக் குப்பையில் போடுங்கள்.

ஒரு மேசைக்கரண்டி கொழுப்பில் நறுக்கிய வெங்காயம், செலரி, குடைமிளகாய் மூன்றையும் ஐந்தாறு நிமிடம் வதக்குங்கள். செலரியின் வாசனை சிலருக்கு ஒத்துக்கொள்வதில்லை. அதற்குப் பதிலாகக் கேரட்டைப் பொடியாக நறுக்கிப் போடலாம். நசுக்கிய பூண்டை, அரிசி சேர்ப்பதற்கு அரை நிமிடம் முன்னால் போட்டால் போதும், முதலிலேயே போட்டால் கருகும். இப்போது அரிசியைக் கொட்டி இரண்டு நிமிடம் வறுங்கள். மணிகளின் ஓரம் கண்ணாடிபோல் தெளியும். கொழுப்புப் பூசிய அரிசி ஒன்றோடொன்று அவ்வளவாக ஒட்டாது.

பாப்ரிகா, மிளகு, தைம், உப்பு போட்டு ஒரு கிளறு. பிராத்தை ஊற்றி வாணலியின் அடியில் ஒட்டியிருக்கும் பழுப்புப் படிவைச் சுரண்டிவிடுங்கள். நீங்கள் பொறுமையாகக் கறியை வறுத்ததன் பலன் முழுவதும் அந்தப் படிவில்தான் இருக்கிறது, ஒரு துளியும் வீணாகக் கூடாது. பிறகு சூப் டின், தக்காளி டின், வூஸ்டர்ஷயர் சாஸ், வறுத்த கறி எல்லாவற்றையும் சேருங்கள். சூப்பில் தனியாகத் தண்ணீர் கலக்கத் தேவையில்லை. கட்டியில்லாமல் கலக்கிக் கொதி வரும்வரை காத்திருங்கள். குளிர்ந்த கலவையை ஓவனில் வைத்தால் அது சூடாவதற்கே இருபது நிமிடம் போய்விடும், அரிசி ஒரு பக்கம் வெந்தும் மறுபக்கம் வேகாமலும் நிற்கும். சாற்றை ஒரு கரண்டி எடுத்து ருசி பாருங்கள். சற்று உப்புத் தூக்கலாகத் தெரிந்தால் சரியாக இருக்கிறது. அரிசி அதை உறிஞ்சிக்கொள்ளும்.

டின் சூப் பிடிக்காதவர்கள் வெள்ளைச் சாஸ் செய்துகொள்ளலாம். மூன்று மேசைக்கரண்டி வெண்ணெயில் ஒரு கைப்பிடி காளானை வதக்கி, மூன்று மேசைக்கரண்டி மைதா தூவி, பச்சை வாசனை போனதும் ஒன்றேகால் கப் பாலைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கெட்டியாகும்வரை கிளறினால் ஒரு டின்னுக்கு ஈடாகும். ருசி இன்னும் நன்றாகவே இருக்கும். இதில் செய்தால் உப்பைக் கொஞ்சம் கூட்டிக்கொள்ளுங்கள்.

ஓவனுக்குள்

கண்ணாடிப் பாத்திரம் வைத்திருப்பவர்கள் கவனிக்க வேண்டிய ஒன்று. கார்னிங் நிறுவனம் 1915இல் பைரெக்ஸ் பாத்திரங்களை விற்கத் தொடங்கியபோது அவை போரோசிலிகேட் கண்ணாடியால் ஆனவை, சூடு திடீரென்று மாறினாலும் ஓரளவு தாங்கும். இப்போது அமெரிக்கக் கடைகளில் கிடைக்கும் சமையலறைப் பைரெக்ஸ் சோடா சுண்ணாம்புக் கண்ணாடி. கீழே விழுந்தால் எளிதில் உடையாது. சூடும் குளிரும் மோதினால்தான் ஆபத்து. பாத்திரம் அறை வெப்பத்தில் இருக்கட்டும். வெந்நீரில் கழுவித் துடைத்துவிட்டால் இன்னும் நல்லது. ஓவனிலிருந்து எடுத்ததும் ஈரமான கல்மேடையில் வைக்காதீர்கள், உலர்ந்த துணியின் மேல் வையுங்கள். மேலிருந்து சுடும் பிராய்லரின் கீழே கண்ணாடியை வைக்கவே கூடாது.

பாத்திரத்தில் வெண்ணெய் தடவிக் கலவையை ஊற்றிச் சமப்படுத்துங்கள். கரண்டியின் பின்புறத்தால் அழுத்தி அரிசி முழுவதும் சாற்றுக்குள் முழுகும்படி செய்யுங்கள். மேலே தலைநீட்டிக்கொண்டிருக்கும் ஒவ்வொரு மணியும் கடைசியில் பல்லில் கல்லாகத் தட்டும். பாத்திரம் விளிம்புவரை வந்திருக்கும், பயப்பட வேண்டாம். அடியில் ஒரு தட்டை வைத்துவிட்டால் பொங்கி வழிந்தாலும் ஓவனைத் தேய்க்க வேண்டியிருக்காது.

அடுத்து மூடுவது. இந்தக் கட்டுரையில் ஒன்றை மட்டும் நினைவில் வைத்துக்கொள்வதானால் இதை வைத்துக்கொள்ளுங்கள். பிரியாணிக்குத் தம் போடும்போது மூடியின் விளிம்பில் மாவு ஒட்டி ஆவியை அடைப்பதுபோல இங்கே அலுமினியத் தாள். கலவைமேல் முதலில் ஒரு பார்ச்மென்ட் தாளை விரியுங்கள். தக்காளியின் புளிப்பு அலுமினியத்தை அரிக்கும் என்பதால் இது. அதன்மேல் அலுமினியத் தாளைப் போட்டுப் பாத்திரத்தின் விளிம்பைச் சுற்றி விரலால் இறுக்கி மடியுங்கள். ஒரு மூலை திறந்திருந்தாலும் அந்த வழியாக அரிசிக்கு வேண்டிய தண்ணீர் ஆவியாகப் போய்விடும். ‘அரிசி வேகவே இல்லை’ என்ற புகார்களில் பல, பிராத்தைக் குறைத்ததால் வருவதில்லை, தளர்வாக மூடியதால் வருகிறது.

ஓவனில் வைத்து 45 நிமிடத்துக்குத் திரும்பிப் பார்க்காதீர்கள். பார்பாயில்டு அரிசி என்றால் 50 முதல் 55 நிமிடம். நடுவில் திறந்து பார்த்தால் சூடும் ஆவியும் ஒன்றாகப் போகும். தக்காளியின் புளிப்பில் அரிசி வெறுந்தண்ணீரில் வேகும் வேகத்தில் வேகாது என்பதையும் மனத்தில் வையுங்கள்.

நேரம் ஆனதும் வெளியே எடுத்து ஒரு மூலையிலிருந்து தாளைத் தூக்குங்கள். உங்களைவிட்டுத் தள்ளியிருக்கும் பக்கத்திலிருந்து தூக்க வேண்டும், உள்ளே அடைபட்ட ஆவி சீறிக்கொண்டு வரும். ஓரத்தில் எடுத்துப் பார்க்காமல் நடுவிலிருந்து நாலு அரிசி எடுத்துக் கடித்துப் பாருங்கள். ஓரம் எப்போதும் முதலில் வெந்துவிடும். நடுவில் அரிசி மென்மையாக, உள்ளே வெண்புள்ளி இல்லாமல் இருந்தால் வெந்துவிட்டது. கறியின் நடுவில் வெப்பமானி செருகினால் பாரன்ஹீட் 165 டிகிரிக்கு மேல் காட்டும். அரிசி கடினமாக இருந்தால் கொதிக்கும் பிராத் அரை கப் தெளித்து மறுபடி இறுக்கி மூடிப் பத்துப் பன்னிரண்டு நிமிடம் வையுங்கள். சாறு தேங்கி நிற்கிறது என்றால் கவலைப்படாதீர்கள், இனி மூடாமல் வைக்கப்போகிறோம்.

பட்டாணியை உறைந்தபடியே தூவி மெதுவாகக் கலந்துவிடுங்கள். முதலிலேயே போட்டிருந்தால் ஒரு மணி நேரத்தில் பாசி நிறத்துக்குப் போயிருக்கும். இப்போது சீஸ். பையில் துருவியே விற்கும் சீஸில் ஒட்டாமல் இருக்க மாவுச்சத்தோ செல்லுலோஸோ கலந்திருப்பார்கள், அது நன்றாக உருகாது. கட்டியாக வாங்கி நீங்களே துருவினால் ஒழுங்காக இளகி விரியும். ஷார்ப் என்று எழுதிய முதிர்ந்த செடார் வாங்குங்கள், குறைவாகப் போட்டாலும் ருசி தெரியும். மூடாமல் பத்துப் பன்னிரண்டு நிமிடம். ஓரங்களில் கொப்பளித்து, மேலே ஆங்காங்கே பொன்னிறம் பட்டதும் எடுத்துவிடுங்கள்.

எடுத்த கையோடு பரிமாறக் கூடாது. கால்மணி நேரம் அப்படியே நிற்கட்டும். அந்த நேரத்தில் மீதிச் சாற்றை அரிசி இழுத்துக்கொள்ளும், கரண்டியில் எடுத்தால் உருக்குலையாமல் வரும். எடுத்த உடனே பார்க்கிறவர் ‘தண்ணீராக இருக்கிறதே’ என்பார். கால்மணி கழித்து அவரே இரண்டாவது முறை தட்டை நீட்டுவார்.

பக்கத்தில் என்ன வைப்பது

அந்த ஊரில் பச்சைக் காய் சாலடும், வெண்ணெய் தடவிய பன்னும், டில் போட்ட வெள்ளரி ஊறுகாயும் வைப்பார்கள். வெள்ளரி ஊறுகாயின் புளிப்பு இந்தக் கொழுப்புக்கு நன்றாக எடுபடும். அதே வேலையை நம் எலுமிச்சை ஊறுகாயும் செய்யும் என்பதை நான் மறுக்கமாட்டேன். காரம் வேண்டுகிறவர்கள் மேசையில் ஹாட் சாஸ் ஊற்றிக்கொள்ளட்டும், பாத்திரத்தில் வேண்டாம்.

ஆளுக்கொரு உணவு கொண்டுவரும் பாட்லக் விருந்துக்குக் கொண்டுபோகிறீர்கள் என்றால் பாத்திரத்தின் அடியில் காகித டேப் ஒட்டி உங்கள் பெயரை எழுதுங்கள். ஒரே மாதிரிக் கண்ணாடிப் பாத்திரங்கள் மேசைமேல் பத்து இருக்கும், கடைசியில் யாருடையது யாருக்குப் போகும் என்று சொல்ல முடியாது. அதைவிட முக்கியமானது முன்னால் ஒரு சீட்டு: ‘மாட்டிறைச்சி, பால், கோதுமை உண்டு’ என்று தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுதி வையுங்கள். தமிழர்கள் கூடும் இடத்தில் மாட்டிறைச்சி சாப்பிடுபவரும் உண்டு, தொடாதவரும் உண்டு. சீஸ் மூடிய பாத்திரத்தில் உள்ளே இருப்பது என்னவென்று பார்த்துச் சொல்ல முடியாது. டின் சூப்பில் கோதுமை மாவு இருக்கிறது. வூஸ்டர்ஷயர் சாஸில் பெரும்பாலும் நெத்திலி இருக்கும் என்பது பலருக்குத் தெரியாது. ஹலால் பார்ப்பவர்கள் வருவார்களென்றால் கறியை மட்டும் ஹலால் கடையில் வாங்கினால் போதாது, பிராத் பெட்டியையும் பார்த்து வாங்க வேண்டும். மாடு வேண்டாதவர்களுக்கு வான்கோழிக் கொத்துக்கறியில் இதே அளவில் செய்யலாம். அதில் கொழுப்புக் குறைவு என்பதால் வறுக்க ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் விடுங்கள், பீஃப் பிராத்துக்குப் பதில் சிக்கன் பிராத் ஊற்றுங்கள்.

முந்தைய நாளே தயாராக வைப்பது

கலவையை முழுவதும் கலந்து இரவு ஃபிரிட்ஜில் வைத்துக் காலையில் சுடலாமா என்று கேட்பார்கள். பச்சை அரிசி போட்ட வகையில் முடியாது. இரவு முழுவதும் அரிசி சாற்றில் ஊறி மறுநாள் குழைந்துபோகும், ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த கண்ணாடியைச் சூடான ஓவனில் வைப்பதும் சரியில்லை. கறியையும் காய்களையும் வறுத்துத் தனியாக ஃபிரிட்ஜில் எடுத்துவையுங்கள். மறுநாள் அரிசியையும் சாற்றையும் சேர்த்துக் கொதிக்கவிட்டு மேலே சொன்னபடி செய்தால் பத்து நிமிட வேலைதான் மிச்சமிருக்கும்.

மீந்ததை இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வைத்துவிட வேண்டும். வெந்த சோறு அறை வெப்பத்தில் கிடந்தால் வேகும்போது சாகாத சில கிருமிவித்துகள் முளைத்து நஞ்சை உண்டாக்கும், அந்த நஞ்சு மறுபடி சூடாக்கினாலும் போகாது. ஆழமான பாத்திரத்தில் அப்படியே வைத்தால் நடுப்பகுதி ஆற நெடுநேரமாகும், தட்டையான டப்பாக்களில் பிரித்து வையுங்கள். மூன்று நான்கு நாள் தாங்கும். உறையவைத்தால் இரண்டு மாதம் வரை ருசி மாறாது. சூடாக்கும்போது மேலே இரண்டு மேசைக்கரண்டி பிராத் தெளித்து, மூடி, பாரன்ஹீட் 350 டிகிரி ஓவனில் இருபது இருபத்தைந்து நிமிடம். அவசரமென்றால் மைக்ரோவேவில் ஒரு தட்டளவு எடுத்து மூடி மூன்று நிமிடம், நடுவில் ஒருமுறை கிளறிவிட வேண்டும். சிலர் மறுநாள் மீதத்தை வெண்ணெய் தடவிய தோசைக்கல்லில் பரப்பி அடி முறுகும்வரை விட்டு, மேலே ஒரு முட்டை உடைத்து ஊற்றிக் காலை உணவாக்கிவிடுகிறார்கள். அதற்கென்றே கொஞ்சம் மிச்சம் வைக்கலாம்.